வியர்த்த வெல்லம்

7

"தாயி, நான் எட்டாவதே பாஸ் பண்ணல."

திகு என்கிற திகம்பர் சுதார் இதை யாரும் கேட்காமலே சொன்னான். தாம்பளவாடி கடைத்தெருவின் நடுவில், மொபெட்டை ஓட்டிக்கொண்டே சொன்னான். சொல்லி முடித்ததும் காது இரண்டும் சிவந்துபோய், வண்டியை ஓர் ஓரமாக நிறுத்திவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டான். நான்கு வருஷத்துக்கு முன் விமல் சௌகுலேயிடம் உதவியாளனாகச் சேர்ந்த அன்று, தன் கைப்பட 'பத்தாவது தேர்ச்சி' என்று எழுதிக் கொடுத்தவன் அவன்.

பின் இருக்கையிலிருந்து இறங்கிய விமல் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டாள்.

"தெரியும்."

"எப்பிடித் தெரியும்?"

"நெஜமாவே பத்தாவது பாஸ் பண்ணினவன் அதை அவ்வளவு அழகா எழுத மாட்டான். சரி, இப்ப எதுக்குச் சொன்னே?"

அதுதான் திகுவுக்கும் புரியவில்லை. வயிற்றுக்குள்ளிருந்து என்னவோ குளிர்ச்சியாக ஏறி வந்தது, எதையாவது ஒப்புக்கொண்டால் தவிர இறங்காது போலிருந்தது, கைக்குக் கிடைத்தது எட்டாவது வகுப்பு. சொன்ன பிறகு இப்போது சுகமாக இருக்கிறது என்றான்.

விமல் கைப்பையிலிருந்து நோட்டை எடுத்து, 'செவ்வாய், பதினொன்றே கால், திகு' என்று எழுதினாள். அவனுக்கு மேலே ஏற்கனவே மூன்று பேர் இருந்தார்கள். காலையில் முடிதிருத்துபவர் ஒருவர், பத்து வருஷத்துக்கு முன் ஒரு மாப்பிள்ளையின் மீசையை வேண்டுமென்றே கோணலாக வெட்டியதைச் சொல்லி அழுதிருந்தார். பால்காரம்மாள் ஒவ்வொரு வாசலிலும் நின்று, பாலில் தண்ணீர் கலந்ததற்கு மன்னிப்புக் கேட்டுக்கொண்டு போனாள். பஸ் கண்டக்டர் தன் மாமியாரிடம் போய் என்னவோ சொல்லிவிட்டு அடி வாங்கியிருந்தார். ஞாயிறு சாயங்காலத்திலிருந்து ஊரே இப்படித் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு திரிந்தது.

"காலைலேந்து என்ன சாப்பிட்டே?"

"கடகே அண்ணா வீட்டுல குடுத்த வெல்லமும் தண்ணியும்தான். நீங்கதான் பல்வலின்னு வெல்லத்தைத் தொடவே இல்லையே."

விமல் அவன் சட்டைப் பையைப் பார்த்தாள். மிச்ச வெல்லத்தை வழியில் தின்னலாமென்று அவன் காகிதத்தில் சுற்றி வைத்திருந்தான். பங்குனி வெயில் மண்டையைப் பிளந்துகொண்டிருந்தது. சட்டைப் பையோ ஈரமாக ஒட்டிக் கிடந்தது. காகிதத்தைப் பிரித்தால் வெல்லத் துண்டு முத்து முத்தாக வியர்த்திருந்தது.

அவர்கள் வந்த விஷயம் வேறு. தாம்பளவாடியில் தாலீம் என்று சொல்லும் குஸ்திப் பள்ளியின் குழி ஊமையாகிவிட்டது.

நடந்து முடிந்த எதுவும் நடந்த இடத்தை விட்டு முழுசாகப் போய்விடுவதில்லை, கொஞ்சம் தங்கும். கல்யாணம் நடந்த கொட்டகையில் சிரிப்பு தங்கும், தேர் நிலைக்கு வந்த முனையில் கூச்சல் தங்கும். அந்தச் சுவட்டைச் செப்பு ஊசி வழியாகப் பித்தளைச் செம்பில் வடித்தெடுத்தால் தெருவிளக்கு எரியும், கிணற்றுப் பம்பு ஓடும். ஊசி பிடிக்க வாரியத்தின் உரிமம் வேண்டும், பிடிப்பவருக்கு வடிகாரர் என்று பேர். விமலும் அப்படி ஒருத்தி. வடித்ததைத் தரையில் கொட்டக் கூடாது, கொட்டினால் அந்தத் தரையில் ஒட்டிக்கொள்ளும். எரித்துத்தான் தீர்க்க வேண்டும். வடித்த இடமோ அதோடு ஊமை. அங்கே போய் நின்றால் நடந்தது ஞாபகம் வரும், நெஞ்சில் ஒன்றும் அசையாது.

இருபத்திரண்டு வருஷத்துக்கு முன் அந்தக் குழியில்தான் ஷாமராவ் கடகே, ஜில்லாவிலேயே யாராலும் சாய்க்க முடியாத தஸ்தகீர் முல்லாணியை முதுகு மண்ணில் பட மல்லாத்தினார். விழுந்த இடத்தைச் சுற்றிக் குங்குமக் கல் நாலு பதித்திருந்தார்கள். கோதாவில் இறங்கும் எந்தப் பயில்வானும் அந்த மண்ணைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டுதான் இறங்குவான். தொட்டால் உடம்பு சிலிர்க்கும். ஊரின் பெருமை அது. நாளைப் புதன்கிழமை வாரியத்து ஆட்கள் வந்து, கண்ணாடிக் குடுவையில் ஊர் பார்க்க அந்தச் சுவட்டை வடித்து, புது மண்டபத்தின் விளக்கை ஏற்றுவதாக இருந்தது. ஞாயிற்றுக்கிழமை காலை தொட்டுப் பார்த்தால் சிலிர்ப்பில்லை. யாரோ முன்னாடியே வடித்துவிட்டார்கள்.

சாவி இருப்பது ஒரே ஆளிடம். தோற்றுப்போன அதே தஸ்தகீர் முல்லாணியிடம். அந்தத் தோல்விக்குப் பிறகு அவரை எந்த மைதானத்துக்கும் கூப்பிடவில்லை. அதே தாலீமில் மண் கொத்தி, மோர் ஊற்றிப் பதப்படுத்தும் காவல்காரராகத்தான் இத்தனை வருஷமும் இருந்தார். தோற்றவனுக்குத்தானே அந்த இடத்தை அழிக்கத் தோன்றும் என்று ஊர் முடிவு கட்டிவிட்டது. இன்று நாலு மணிக்குத் தாலீம் கமிட்டி கூடுகிறது. சாவியை வாங்கிக்கொண்டு, தாலீமை ஒட்டிய அறையிலிருந்து குடும்பத்தோடு வெளியே அனுப்புவார்கள். அவர் மனைவி ஷமீம் நேற்று வந்து விமலிடம் இதைச் சொல்லும்போது, அவள் சொல்லி முடிக்கும் முன்பே விமல் செருப்பை மாட்டிக்கொண்டாள். திகு அதைக் கவனித்தான். தாயி யாருக்கும் அவ்வளவு சீக்கிரம் கிளம்புகிறவள் இல்லை.

பன்னிரண்டு மணிக்கு இருவரும் தாலீமுக்குள் இருந்தார்கள்.

அறை வாசலில் ஷமீம் பாத்திரங்களைச் சாக்கில் கட்டிக்கொண்டிருந்தாள். தஸ்தகீர் குழியின் ஓரத்தில் உட்கார்ந்து, நாளைக்கு யார் கொத்தப்போகிறார்களோ அந்த மண்ணில் மஞ்சள் தூவிக்கொண்டிருந்தார். ஐம்பத்தைந்து வயது, காது இரண்டும் நசுங்கி முந்திரிக்கொட்டை மாதிரி ஆகியிருந்தன. விமலைப் பார்த்ததும் எழுந்து நின்றார். விமல் அவர் முகத்தைப் பார்க்காமல், முதலில் குங்குமக் கல்லைப் பார்த்தாள், பிறகு சுவரைப் பார்த்தாள்.

கேள்விகளைத் திகுதான் கேட்டான். சனிக்கிழமை யார் யார் வந்தார்கள் என்றதற்கு, வழக்கம்போலத்தான் என்றார் தஸ்தகீர். சாயங்காலம் ஷாமராவ் அண்ணா மாருதி சாமிக்கு எண்ணெய் ஊற்ற வந்தார். கமிட்டித் தலைவரான அவர் எண்ணெய் ஊற்றும்போது மற்றவர்கள் வெளியே நிற்பது இங்கே பழக்கம். செம்போடு உள்ளே போனார், கால் மணி நேரம் கழித்துச் செம்போடு வெளியே வந்தார். இதைக் கமிட்டியிலும் சொன்னேன், சிரித்தார்கள் என்றார்.

"சிரிக்காம? தான் ஜெயிச்ச குஸ்தியைத் தானே திருடுவாரா மனுஷன்? சொந்த வீட்டுல கன்னம் வைக்கிற மாதிரி இல்ல?"

"அதான் தம்பி அவங்களும் சொன்னாங்க. இதே வார்த்தை."

திகு கொஞ்சம் வெட்கத்தோடு சுவர்ப்பக்கம் திரும்பினான். மாடத்தில் செந்தூரம் பூசிய மாருதி நின்றிருந்தார். அவருக்குப் பக்கத்தில் கண்ணாடி போட்டு மாட்டிய ஒரு நற்சான்று: குஸ்திக்கு மறுநாள் வடிகாரர் ஒருவர் ஊசி வைத்துப் பார்த்து எழுதியது. தேதி, இடம், ஆழம், எல்லாவற்றுக்கும் கீழே இரட்டைக் கோடு. கடைசி வரி 'சுவட்டின் இனம்: பெருமை, முதல் தரம்.' அதற்குக் கீழே மட்டும் கோடு இல்லை. கையெழுத்து, வி. போங்காளே.

"பாருங்க தாயி, வடிகாரர் கடைசிக் கோடு போடறதுக்குள்ள டீ குடிக்கப் போயிட்டார்," என்றான் திகு.

விமல் சிரிக்கவில்லை. மாருதியின் தோளில் ஒரு விரலை வைத்து எடுத்து, திகுவிடம் நீட்டினாள். விரலில் செந்தூரப் பொடி இருந்தது. பொடியாகவே இருந்தது.

"ஞாயித்துக்கெழம காலைல மாருதி எப்பிடி இருந்தார்?" என்று தஸ்தகீரிடம் கேட்டாள். அப்போதும் தரையைப் பார்த்துத்தான் கேட்டாள்.

தஸ்தகீர் யோசித்தார். ஞாயிற்றுக்கிழமை காலையில் மாடத்துக்குக் கீழே வழிந்திருக்கும் எண்ணெயைத் துடைப்பது அவருடைய முதல் வேலை. இந்த ஞாயிற்றுக்கிழமை துடைத்த ஞாபகம் இல்லை. துடைக்க ஒன்றும் இல்லை என்று இப்போதுதான் உறைத்தது.

சட்டைப் பையின் ஈரம் திகுவின் நெஞ்சில் ஜில்லென்று பட்டது.

"நனைய வேண்டிய சாமி காஞ்சு கெடக்கு. காய வேண்டிய வெல்லம் நனைஞ்சு கெடக்கு," என்றான். "தாயி, ஊர்ல ஏதோ தலைகீழா நடக்குது."

"ரெண்டும் ஒரே செம்புலேந்து வந்தது," என்றாள் விமல்.

கடைத்தெருவில் வெல்லம் விற்கும் தானாஜி, இவர்கள் வாயைத் திறக்கும் முன்பே, போன தீபாவளிக்குத் தராசுக்கு அடியில் புளி ஒட்டிய கதையைச் சொல்ல ஆரம்பித்தான். திகு அவன் தோளில் தட்டி, அது ஆண்டவனுக்கே தெரியும், வெல்லம் யாருடையது என்று மட்டும் சொல் என்றான். ஞாயிற்றுக்கிழமையிலிருந்து ஊரில் வந்தது எல்லாம் ஒரே ஆலைச் சரக்கு. மின்சாரம் மூன்று நாளாக இல்லை, டீசலும் வரவில்லை, மற்ற ஆலைகள் மூடிக் கிடக்கின்றன. கடகே அண்ணாவின் ஆலை மட்டும் ராத்திரி பகல் பாராமல் ஓடுகிறது.

ஆற்றங்கரைக் கரும்புக்காட்டுக்குள் அந்த ஆலை இருந்தது. ஒன்றரை மணிக்கு அங்கே போய்ச் சேர்ந்தார்கள். கொப்பரையில் பாகு கொதித்துக்கொண்டிருந்தது. பதம் பார்க்கிற ஆள் ஒரு மூலையில் குந்தி, தன் அண்ணனிடம் இருபது வருஷமாகப் பேசாததை நினைத்து மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தான். கரும்பு பிழியும் உருளைகள் சுற்றின. எஞ்சினில் சத்தம் இல்லை, புகை இல்லை. பட்டை மட்டும் என்னவோ பேய் விரட்டுவதுபோல ஓடியது.

எஞ்சினுக்குப் பின்னால் சாக்குப் போட்டு மூடியிருந்தது. சாக்கை முதலில் தூக்கியது விமல். தூக்கிய வேகத்தில் புடவைத் தலைப்பால் எதையோ துடைத்தாள். திகு எட்டிப் பார்ப்பதற்குள் துடைத்துவிட்டாள். ஆனால் அவன் பார்த்துக்கொண்டிருக்கும்போதே பித்தளைச் செம்பு மறுபடி வியர்த்தது. மாருதிக்கு எண்ணெய் கொண்டுபோகும் செம்புதான். விளிம்பில் பழைய எண்ணெய்ப் பிசுக்கு இருந்தது. மூடியை மெழுகால் அடைத்து, செப்புக் கம்பியை எஞ்சினில் செருகியிருந்தார்கள். வியர்வை கம்பி வழியாக இறங்கி, உருளையில் சொட்டி, சாற்றோடு கலந்து கொப்பரைக்குப் போய்க்கொண்டிருந்தது.

திகு தொட்டான். பனிக்கட்டி மாதிரி இருந்தது. அவனுக்கே தெரிந்த பாடம் இது. பெருமையை வடித்தால் செம்பு சூடாகும், துக்கத்தை வடித்தால் பச்சை பூக்கும், வெட்கத்தை வடித்தால்தான் வியர்க்கும்.

"பெருமைன்னுல்ல எழுதித் தொங்க விட்டிருக்காங்க?"

"எழுதினது தப்பு," என்றாள் விமல்.

"அப்ப ஊரு மொத்தமும் தொட்டுக் கண்ணுல ஒத்திக்கிட்டுச் சிலிர்த்ததெல்லாம்?"

"குளிர்ல சிலிர்த்தது. பெருமைன்னு நெனச்சுக்கிட்டாங்க. இருபத்திரண்டு வருஷமா."

திகுவுக்குச் சிரிப்பு வந்தது, பாதியில் நின்றுவிட்டது. அப்படியானால் தஸ்தகீர் சாச்சாவுக்கு இது கெடுதல்தானே என்றான். தோற்றவனுடைய வெட்கம் மண்ணில் கிடந்தது, அவரே வடித்தார் என்றல்லவா கமிட்டி சொல்லும்.

விமல் செம்பைக் கம்பியிலிருந்து கழற்றினாள். உருளைகள் மெதுவாகச் சுற்றி நின்றன. அவள் குரல் பாடம் ஒப்பிப்பதுபோல் வந்தது. ஊருக்குத் தெரிந்த வெட்கம் தங்காது. நாலு டீக்கடையில் பேசிச் சிரித்தால் ஒரு மாசத்தில் காய்ந்துவிடும். தஸ்தகீர் தோற்றதை ஊர் பேசாத நாள் இல்லை, அது அன்றைக்கே ஆவியாகியிருக்கும். இத்தனை வருஷம் கெடாமல் ஈரமாக இருக்கிறதென்றால், அது யாரும் வாய் திறந்து சொல்லாத வெட்கம்.

"அப்ப அன்னிக்கு அந்தக் குழிக்குள்ள இருந்தது ரெண்டு பேரு," என்றான் திகு மெதுவாக. "ஒருத்தர் வெட்கம் ஊருக்கே தெரியும். மிச்சம் இருக்கிறது ஜெயிச்சவர்."

எல்லாம் பொருந்தி வந்தது. காலிச் செம்போடு வந்தால்தான் வடிக்க முடியும், ஆகவே மாருதிக்கு எண்ணெய் கிடைக்கவில்லை. நாளைக்குக் கண்ணாடிக் குடுவை ஊர் முன்னால் வியர்த்திருக்கும், ஆகவே அதற்கு முன் வடித்தாக வேண்டும். கொட்ட முடியாது, எரிக்க வேண்டும், ஆகவே சொந்த ஆலை. திகு தொடையில் தட்டிக்கொண்டான். தானே கண்டுபிடித்ததாக ஊரில் சொல்லிக்கொள்ளலாமா என்று அனுமதி கேட்டான்.

விமல் முகத்தில் ஒரு சந்தோஷமும் இல்லை. மணி இரண்டு என்று நோட்டில் எழுதி, செம்பு வியர்த்ததையும் எழுதி, கீழே இரட்டைக் கோடு போட்டாள். ஊசியோ செம்போ சொன்னதற்குக் கீழே இரண்டு கோடு. ஆள் சொன்னதற்குக் கோடு கிடையாது. வேலைக்குச் சேர்ந்த முதல் நாள் அவள் அவனுக்குச் சொல்லிக்கொடுத்தது அது ஒன்றுதான்.

திகு அந்த இரண்டு கோட்டையே பார்த்துக்கொண்டு நின்றான். வலது முனையில் லேசாக மேலே வளைந்த கோடு. இன்று இதே வளைவை வேறு எங்கோ, கண்ணாடிக்குப் பின்னால் பார்த்திருக்கிறான்.

"தாயி," என்றான். "கல்யாணத்துக்கு முன்னாடி உங்க வீட்டுப் பேரு என்ன?"

விமல் செம்பைத் துண்டில் சுற்றி அவன் கையில் கொடுத்தாள். வண்டியை எடு, நேரமாகிறது என்றாள். திகுவுக்கு அடுத்த வேடிக்கைப் பேச்சு நாக்கு நுனிவரை வந்தது. அதை விழுங்கிக்கொண்டான். டீ குடிக்கப் போனார் என்று தாலீமில் சொன்னது அவனுக்கு இப்போது சுட்டது. இதற்கு வெல்லம் காரணமில்லை.

நாலு மணிக்குத் தாலீம் கூடத்தில் கமிட்டி ஆட்கள் ஏழு பேர் பாயில் உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் ஷாமராவ் கடகே, வெள்ளை வேட்டி, சிவப்புத் தலைப்பாகை. அறுபதை நெருங்கியும் கழுத்து இறங்காத ஆள். தஸ்தகீர் சாவிக்கொத்தைத் தன் முன் தரையில் வைத்துவிட்டுக் கையைக் கட்டி நின்றார். வாசலில் சாக்கு மூட்டைகளோடு ஷமீம். யார் கூடினாலும் முதலில் வெல்லமும் தண்ணீரும் சுற்றி வருவது அந்த ஊர் வழக்கம். தட்டு வந்தது. காலையிலிருந்து சொந்தக் கதைகளைச் சொல்லிக் களைத்திருந்த கமிட்டி ஆட்கள் எடுக்கலாமா வேண்டாமா என்று ஒருவரையொருவர் பார்த்தார்கள்.

திகு துண்டோடு செம்பைத் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தான். அவன் சட்டை முழுக்க நனைந்திருந்தது. எங்கே எடுத்தோம் என்பதை மட்டும் சொன்னான். கூடத்தில் சலசலப்பு. கடகே பதறவில்லை. என் ஆலைக்குப் பின்னால் யார் வேண்டுமானாலும் எதையும் வைக்கலாம், தஸ்தகீருக்கு வழி தெரியாதா என்றார். வியர்த்தால் அது தோற்றவன் வெட்கம், சுவரிலேயே சான்று இருக்கிறது, அதில் பெருமை என்று எழுதியிருக்கிறது, சான்று எழுதிய வடிகாரர் பொய்யா சொல்வார் என்று கேட்டார்.

விமல் தட்டிலிருந்து ஒரு வெல்லத் துண்டை எடுத்தாள்.

திகுவுக்கு அப்போதுதான் முழுசாகப் புரிந்தது. இரண்டு நாளாக அவளுக்குப் பல்லில் வலி எதுவும் இல்லை.

அவள் வெல்லத்தை வாயில் போட்டு, மென்று, விழுங்கினாள்.

"அந்தச் சான்று நான் எழுதினது," என்றாள். "வி. போங்காளேன்னா விமல் போங்காளே. அப்ப எனக்கு இருபத்து மூணு வயசு. அதான் என் முதல் வேலை. ஊசி வெச்சேன். கை மரத்துப்போற அளவுக்குக் குளிர்ந்துது. சுத்தி நாப்பது ஆம்பளைங்க, வெளில மேளம். குளிருதுன்னு சொன்னா, பொம்பளைக்குக் கை நடுங்குதுன்னு சிரிப்பாங்கன்னு பயந்தேன். 'பெருமைன்னு எழுதும்மா'ன்னாங்க. எழுதினேன். கோடு மட்டும் போட முடியல."

விமல் முதல்முறையாகத் தஸ்தகீரை நேராகப் பார்க்க முயன்றாள். முடியவில்லை, பார்வை அவர் முழங்கால் வரைதான் ஏறியது.

"அன்னிக்கு நான் உள்ளதை எழுதியிருந்தா, மறுபடி குஸ்தி வெச்சிருப்பாங்க. உங்க இருபத்திரண்டு வருஷத்துல என் கையும் இருக்கு. இந்த வழியா எத்தனை தடவ போயிருப்பேன். ஒரு தடவகூட உள்ள வரல."

திகு செம்பைத் தொட்டுப் பார்த்தான். கொஞ்சம் குளிர் குறைந்திருந்தது. அன்று அந்த மண்ணில் ஊசியோடு நின்றவளுடைய பங்கு அதிலும் இருந்திருக்க வேண்டும். ஆனால் செம்பு இன்னும் வியர்த்துக்கொண்டுதான் இருந்தது.

"இன்னும் பாக்கி இருக்கு," என்றான். வேறு ஒரு வார்த்தையும் சேர்க்கவில்லை.

விமல் தட்டை எடுத்துக் கடகேயின் முன் நீட்டினாள். அவர் தண்ணீர்ச் செம்பை மட்டும் எடுத்து ஒரு வாய் குடித்தார். வெல்லத்தைத் தொடவில்லை. மற்ற ஆறு பேரும் அவர் கையைப் பார்த்தார்கள். தன் ஆலை வெல்லத்தைத் தானே தொடாத மனிதனை அந்த ஊர் அதுவரை பார்த்ததில்லை.

அப்போது தஸ்தகீர் பேசினார். குரலில் கோபம் இல்லை.

"எடுத்துக்குங்க அண்ணா. நான் மூணு நாளா தின்னுட்டுதான் இருக்கேன்."

"உனக்கு ஒண்ணும் பண்ணலையா தஸ்தகீர்?" என்று கமிட்டி ஆட்களில் ஒருவர் கேட்டார்.

"பண்ணாம என்ன. ஷமீம்கிட்ட ஞாயித்துக்கெழமையே சொல்லிட்டேன். முதுகு மண்ணுல படலன்னு."

ஏன் இத்தனை வருஷம் சொல்லவில்லை என்று யாரோ முணுமுணுத்தார்கள். தஸ்தகீர் சிரித்த மாதிரி இருந்தது.

"தோத்தவன் சொன்னா அதுக்குப் பேரு சாக்கு. என் முதுகு எனக்குத் தெரியாதா? மண்ணு பட்டா சூடா இருக்கும். அன்னிக்கு என் தோள்பட்டைக்கு அடில மண்ணு இல்ல. ஒரு கை இருந்துச்சு."

கடகே தட்டிலிருந்து ஒரு துண்டை எடுத்தார். வாயில் போடவில்லை. வலது கையில் வைத்து மூடிக்கொண்டார். மூடிய கைக்குள் அது கரைந்து, விரலிடுக்கு வழியாக வெள்ளை வேட்டியில் ஒவ்வொரு சொட்டாக விழுந்தது. நாலு சொட்டு, ஐந்து சொட்டு. அவர் அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இந்தக் கைதான்," என்றார். "அடில மாட்டிக்கிச்சு. நடுவர் அந்தப் பக்கம் நின்னார், நான் ஜெயிச்சதாக் கையைத் தூக்கிட்டார். இழுத்து எடுத்துக் காட்டலாம்னு நெனச்சேன். அதுக்குள்ள என்னைத் தோள்ல தூக்கிட்டாங்க. மேலேந்து எப்பிடிச் சொல்றது? அப்பறம் எறங்கினதும் சொல்லலாம்னு... எறங்கவே விடல. சனிக்கெழம செம்பும் ஊசியும் கொண்டு வந்தது நான்தான். தஸ்தகீர் மேல பழி விழும்னு தெரியும். தெரிஞ்சுதான் பண்ணினேன்."

சொல்லிவிட்டு அந்தக் கையை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனார். காவல் வேலை வாங்கிக் கொடுத்தது நான்தான், அதாவது செய்தேனே என்று தாழ்ந்த குரலில் சேர்த்தார்.

"குடுத்தீங்க அண்ணா. தினம் அந்த எடத்தப் பாத்துட்டு இருக்கிற வேலை," என்றார் தஸ்தகீர்.

திகு துண்டைப் பிழியலாமென்று எடுத்தான். துண்டு காய்ந்திருந்தது. செம்பு சாதாரணப் பித்தளையாக, வீட்டுச் செம்பு மாதிரி, வெயில் சூட்டோடு உட்கார்ந்திருந்தது.

கமிட்டியில் யாருக்கும் தலை நிமிரவில்லை. சாவிக்கொத்து தரையில் கிடந்தது, எடுக்கச் சொல்லவும் ஒருவருக்கும் வாய் வரவில்லை. விமல் கைப்பையிலிருந்து ஊசிப்பெட்டியை எடுத்து அந்தச் சாவிக்குப் பக்கத்தில் வைத்தாள். உரிமத்தைத் திருப்பிக் கொடுப்பதாக வாரியத்துக்கு எழுதிவிடுகிறேன், கடிதம் நாளைத் தபாலில் போகும் என்றாள்.

தஸ்தகீர் குனிந்து சாவியை எடுத்து இடுப்பில் செருகிக்கொண்டார். ஊசிப்பெட்டியையும் எடுத்தார். அதை விமலிடமே நீட்டினார்.

"குடுக்கறது நாளைக்கு. இன்னிக்கு ஒரு வேலை பாக்கி இருக்கு. வந்து ஊசி வைங்க. இந்தத் தடவ என்ன சொல்லுதோ அதை எழுதுங்க."

குழிக்குள் அவளைக் கையைப் பிடித்து இறக்கியது அவர்தான். குங்குமக் கல்லுக்கு நடுவே விமல் மண்டியிட்டு ஊசியை இறக்கினாள். கை நடுங்கியது. யாரும் சிரிக்கவில்லை. வெகுநேரம் காத்திருந்தாள். பிறகு நோட்டில் தேதி, இடம், ஆழம் எழுதினாள், கடைசி வரியை எழுதினாள்.

"சத்தமாப் படிங்க தாயி. அண்ணாவுக்கும் கேக்கணும்," என்றார் தஸ்தகீர்.

"வெறும் மண்," என்று படித்தாள் விமல்.

தஸ்தகீர் தலையாட்டினார். குஸ்திக்கு அதுதான் நல்லது என்றார். குங்குமக் கல் நாலையும் ஒவ்வொன்றாகப் பிடுங்கி ஓரத்தில் போட்டுவிட்டு, சுவரில் சாய்த்திருந்த மண்வெட்டியை எடுத்தார். இருபத்திரண்டு வருஷமாகக் குழி முழுவதையும் வாரத்துக்கு ஒரு தடவை கொத்தியவர், அந்த ஒரு முழ இடத்தில் மட்டும் வெட்டுப் போட்டதில்லை. முதல் வெட்டுக்கு மண் இறுகிப்போய்க் கல் மாதிரி சத்தம் கொடுத்தது.

வாசலில் ஷமீம் சாக்கு மூட்டையின் கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தாள்.

திகு மேட்டில் நின்று நோட்டை எட்டிப் பார்த்தான். கடைசி வரிக்குக் கீழே விமல் கோடு போட்டுக்கொண்டிருந்தாள். ஒன்று. பிறகு, வலது முனையில் லேசாக மேலே வளைத்து, இன்னொன்று.